வேலை வீட்டை விட்டுப் போன காலம்: தொழிற்புரட்சியை முதன்முதலாகப் படிப்பவர்களுக்கு

தொழிற்புரட்சி என்றதும் நம்மில் பலருக்கும் ஒரு பட்டியல்தான் நினைவுக்கு வரும். பறக்கும் நாடா, ஸ்பின்னிங் ஜென்னி, நீராவி இயந்திரம், ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு பெயர், ஒரு ஆண்டு. தேர்வுக்கு அது போதும். ஆனால் அந்த இயந்திரத்துக்கு முன்னால் வந்து நின்றவர் யார், அதற்கு முன்பு எங்கே உட்கார்ந்து வேலை செய்துகொண்டிருந்தார், ஏன் அந்த இடத்தை விட்டு எழுந்து வந்தார் என்ற கேள்விகளைப் பட்டியல் தொடுவதே இல்லை. எனக்கு இந்த வரலாறு புரிய ஆரம்பித்ததே அந்தக் கேள்விகளிலிருந்துதான். அதனால் இயந்திரத்தை விட்டுவிட்டு ஒரு வீட்டிலிருந்து தொடங்குகிறேன்.

1750 வாக்கில் இங்கிலாந்தின் வடமேற்கே உள்ள லங்காஷயர். ஒரு நெசவாளர் குடும்பம். கொஞ்சம் நிலம் இருக்கலாம், ஒரு மாடு இருக்கலாம், ஆனால் வயிறு நிறைவது பெரும்பாலும் நூலாலும் தறியாலும்தான். வியாபாரி ஒருவர், அல்லது அவருடைய ஆள், பஞ்சைக் கொடுத்துவிட்டுப் போவார். குழந்தைகள் அதைச் சீவி, சிக்கெடுத்துத் தருவார்கள். அம்மாவும் வயதுவந்த பெண்களும் ராட்டையில் நூற்பார்கள். அப்பா தறியில் உட்கார்ந்து நெய்வார். துணி முடிந்ததும் வியாபாரியிடம் கொண்டுபோய்க் கொடுத்து, துண்டுக்கு இவ்வளவு என்று கூலி வாங்கிக்கொண்டு, அடுத்த தவணைப் பஞ்சோடு வீடு திரும்புவார். பஞ்சும் துணியும் வியாபாரியுடையவை. வேலை நடப்பதோ இவர்கள் வீட்டில், இவர்கள் கையால், பெரும்பாலும் இவர்களுடைய ராட்டையிலும் தறியிலும்.

இங்கிலாந்தில் மட்டும் அல்ல, ஃபிளாண்டர்ஸிலும் (இன்றைய பெல்ஜியம் பக்கம்) ஜெர்மன் பகுதிகளிலும் கிராமங்கள் இப்படித்தான் தொலைதூரச் சந்தைகளுக்குத் துணி நெய்துகொண்டிருந்தன. ஆலை வருவதற்கு முன்பே ஏற்பட்ட இந்தத் தொழில் வளர்ச்சிக்கு ஆங்கிலத்தில் 'புரோட்டோ இண்டஸ்ட்ரியலைசேஷன்' என்று பெயர். முன்தொழில்மயம் என்று வைத்துக்கொள்ளலாம். பிராங்க்ளின் மெண்டல்ஸ் என்ற வரலாற்றாய்வாளர் 1972இல் இந்தச் சொல்லைப் பரவச் செய்தார். சொல் கொஞ்சம் கரடுமுரடாக இருந்தாலும் அது சொல்லும் விஷயம் முக்கியமானது: ஆலை வெறும் காட்டில் முளைக்கவில்லை. தூரத்துச் சந்தைக்குப் பொருள் செய்வது, கூலிக்கு உழைப்பது, வியாபாரியின் மூலதனத்தை நம்பியிருப்பது, இவையெல்லாம் ஏற்கெனவே பழகிப்போயிருந்தன.

அந்தப் பழைய வீட்டைச் சொர்க்கமாகக் கற்பனை செய்துவிடக் கூடாது. குழந்தைகள் அங்கேயும் சின்ன வயதிலேயே வேலை செய்தார்கள். சந்தை படுத்தால் வியாபாரி பஞ்சு தரமாட்டார், அடுப்பு எரியாது. கூலி குறைவு என்பதால் கொஞ்சம் நூலை ஒதுக்கிவைத்து வெளியே விற்பவர்களும் இருந்தார்கள். அதைப் பிடிப்பதற்காகவே 1777இல் கம்பளித் தொழிலுக்கென்று ஒரு சட்டம் போட்டு இன்ஸ்பெக்டர்களை நியமித்தார்கள். ஆனால் ஒன்று மட்டும் அந்த வீட்டுக்காரர்கள் கையில் இருந்தது, நேரம். எப்போது தறியில் உட்காருவது, எப்போது எழுந்து மாட்டைப் பார்ப்பது, அறுவடைக்கு எத்தனை நாள் போவது என்பதை அவர்களே முடிவு செய்தார்கள். ஞாயிற்றுக்கிழமை ஓய்வு. திங்கட்கிழமையும் பலர் வேலை செய்யமாட்டார்கள். அதற்குப் 'புனிதத் திங்கள்' என்று பெயரே வைத்திருந்தார்கள். செவ்வாய் மெதுவாக ஆரம்பித்து, துணியைக் கொடுக்கவேண்டிய நாள் நெருங்க நெருங்க ராவும் பகலும் தறி ஓடும். இந்த 'நேரம் யார் கையில்' என்ற விஷயத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், மீதிக் கதை முழுக்க இதைச் சுற்றியே போகிறது.

சரி, வியாபாரியின் பக்கம் நின்று பார்ப்போம். அவருக்குத் துணி வேண்டும், சீக்கிரம் வேண்டும். 1733இல் பரி என்ற ஊர்ப்பக்கத்தைச் சேர்ந்த ஜான் கே பறக்கும் நாடாவைச் செய்தார். நாடா என்பது குறுக்கு நூலைச் சுமந்துகொண்டு தறியில் இங்குமங்கும் ஓடும் கட்டை. அதுவரை நெசவாளர் அதை ஒரு கையால் எறிந்து மறுகையால் பிடிக்கவேண்டும். அகலமான துணி என்றால் இரண்டு பேர் வேண்டும். இப்போது ஒரு கயிற்றை இழுத்தால் போதும், நாடா தானாகக் குறுக்கே ஓடித் திரும்பும். நெசவு வேகமாகிவிட்டது. ஆனால் நூல்? ஒரு தறிக்குத் தீனி போட ஏற்கெனவே பல ராட்டைகள் தேவைப்பட்டன, நாடா பறக்க ஆரம்பித்ததும் அந்தப் பற்றாக்குறை இன்னும் மோசமானது. நெசவாளர்கள் நூல் தேடி வீடு வீடாக நடக்கவேண்டியிருந்தது.

அந்த இடைவெளியை நிரப்பியது 1764 வாக்கில் வந்த ஜேம்ஸ் ஹார்கிரீவ்ஸின் ஸ்பின்னிங் ஜென்னி. ஒரு ராட்டையில் ஒரு கதிர், அதாவது நூலை முறுக்கிச் சுற்றும் கம்பி. ஜென்னியில் முதலில் எட்டு, பிறகு அதைவிடப் பல மடங்கு. நூற்றுப் பிழைத்தவர்களுக்கு இது எப்படித் தெரிந்திருக்கும் என்று சொல்லவேண்டியதில்லை: 1768இல் ஒரு கூட்டம் அவர் வீட்டுக்குள் புகுந்து ஜென்னிகளை உடைத்தது, அவர் நாட்டிங்ஹாமுக்குக் குடிபெயர்ந்தார். ஆனாலும் ஜென்னியைக் கையால்தான் சுற்றவேண்டும், சின்ன ஜென்னி வீட்டுக்குள்ளேயே அடங்கிவிடும். ஆக, வேலை இன்னும் வீட்டை விட்டுப் போகவில்லை.

போகவைத்தவர் ரிச்சர்ட் ஆர்க்ரைட். பிரஸ்டன் ஊர்க்காரர், முடி திருத்துபவராகவும் பொய்முடி செய்பவராகவும் இருந்தவர். 1769இல் அவர் காப்புரிமை வாங்கிய நீர்ச்சட்டகம் என்ற நூற்பு இயந்திரத்தின் சூட்சுமம் எளிமையானது: பஞ்சுத் திரியை ஜோடி ஜோடியாக உள்ள உருளைகளுக்கு நடுவே விடுவது, ஒவ்வொரு ஜோடியும் முந்தையதைவிட வேகமாகச் சுற்றுவது. விரல் இழுக்கிற வேலையை உருளை இழுத்தது. இதில் வந்த நூல் முறுக்கேறி, பாவாக, அதாவது தறியில் நீளவாட்டில் இழுத்துக் கட்டும் நூலாக, நிற்கும் அளவுக்கு உறுதியாக இருந்தது. அதுவரை லங்காஷயரில் பாவுக்கு லினன் நூல், குறுக்கே ஓடும் ஊடைக்குப் பருத்தி நூல் என்று கலந்துதான் நெய்தார்கள். இனி முழுப் பருத்தித் துணியே சாத்தியம். ஆனால் இந்தச் சட்டகத்தைச் சுற்ற மனிதக் கை போதாது, ஆற்று நீர் வேண்டும், பெரிய நீர்ச்சக்கரம் வேண்டும், சக்கரத்தின் சுழற்சியை எல்லாச் சட்டகங்களுக்கும் கொண்டுபோகும் தண்டுகள் வேண்டும். அதை எந்த நெசவாளர் வீட்டில் வைக்கமுடியும்? 1771இல் டெர்பிஷயரின் குரோம்ஃபோர்டு என்ற சிற்றூரில் ஆர்க்ரைட்டும் அவருடைய கூட்டாளிகளும் ஆலையைக் கட்டத் தொடங்கினார்கள். (இதற்கு ஐம்பது ஆண்டுகள் முன்பே, 1721இல், டெர்பி நகரில் லோம் சகோதரர்களின் பட்டு ஆலை இருந்தது. ஆனால் பட்டு பணக்காரர்களின் துணி, அதற்குப் பருத்தி அளவுக்குப் பெரிய சந்தை கிடையாது.)

இங்கே ஒரு நியாயமான கேள்வி எழும். ஏன் இங்கிலாந்து, அதிலும் ஏன் பருத்தி? பருத்தித் துணியில் அப்போது உலகத்துக்கே ஆசான் இந்தியா. 'காலிக்கோ' என்ற சொல்லே கள்ளிக்கோட்டையிலிருந்து வந்ததுதான். கிழக்கிந்தியக் கம்பெனி கொண்டுவந்து இறக்கிய அச்சடித்த இந்தியத் துணிகளுக்கு அங்கே அப்படி ஒரு மோகம். உள்ளூர்க் கம்பளி, பட்டுக்காரர்கள் கொந்தளித்து 1700இலும் 1721இலும் தடைச் சட்டங்கள் கொண்டுவர வைத்தார்கள். ஆசை இருக்கிறது, பொருள் வரவில்லை. அந்த வெற்றிடத்தில்தான் லங்காஷயர் பருத்தி வளர்ந்தது. இங்கிலாந்தில் நெய்த முழுப் பருத்தித் துணிக்கு இருந்த தடையை 1774இல் நீக்கவைத்தவர்களில் ஆர்க்ரைட்டும் ஒருவர். இன்னொரு காரணம் கூலி. இந்திய நூற்பவரோடு ஒப்பிட்டால் ஆங்கிலேயத் தொழிலாளியின் கூலி அதிகம், நிலக்கரியோ அங்கே மலிவு. கூலி அதிகமாகவும் எரிபொருள் மலிவாகவும் இருக்கும் இடத்தில்தான் இயந்திரத்தில் பணம் போடுவது லாபம் என்று ராபர்ட் ஆலன் போன்ற பொருளாதார வரலாற்றாய்வாளர்கள் வாதிடுகிறார்கள். இதை எல்லோரும் ஏற்பதில்லை, கூலிக் கணக்கிலேயே சண்டை இருக்கிறது. எனக்கு இந்த விளக்கம் முழுசாக இல்லாவிட்டாலும் பாதியாவது சரி என்று படுகிறது. மீதிப் பாதியில் கடல் வணிகம், காலனிகள், அரசின் காப்பு வரிகள் எல்லாம் வரும்.

விளைவை ஒரே கணக்கில் பார்க்கலாம். நூறு பவுண்டு எடையுள்ள பஞ்சை நூலாக்க, இந்தியக் கைராட்டையில் சுமார் 50,000 மணி நேர உழைப்பு. 1779இல் சாமுவேல் கிராம்ப்டன் செய்த மியூல் இயந்திரத்தில் அது சுமார் 2,000 மணி நேரம். 1825 வாக்கில் வந்த தானியங்கி மியூலில் வெறும் 135. இந்த வித்தியாசத்தோடு எந்தக் கையாலும் போட்டி போடமுடியாது, டாக்காவின் கையானாலும் சரி, லங்காஷயர்ப் பாட்டியின் கையானாலும் சரி. முதலில் வேலை இழந்தவர்கள் ஆங்கிலேயக் கிராமத்துப் பெண்கள்தான் என்பதை நாம் அதிகம் பேசுவதில்லை. ராட்டைக்கூலி என்பது ஆயிரக்கணக்கான வீடுகளில் பெண்கள் சம்பாதித்த காசு; சில பத்து ஆண்டுகளில் அது ஊர் ஊராக வற்றிப்போனது.

மறுபடி குரோம்ஃபோர்டுக்கு வருவோம். ஆலை ராவும் பகலும் ஓடியது, பன்னிரண்டு பன்னிரண்டு மணி நேரமாக இரண்டு ஷிப்ட். வேலையாட்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். சின்னஞ்சிறு ஊர் என்பதால் ஆட்களை வெளியிலிருந்து வரவழைக்கவேண்டியிருந்தது, அவர்களுக்காக ஆர்க்ரைட் வீடுகள் கட்டினார், குழந்தைகள் அதிகமுள்ள குடும்பங்கள் வரலாம் என்று விளம்பரம் கொடுத்தார். நார்த் ஸ்ட்ரீட் என்ற அந்தத் தெரு இன்றும் இருக்கிறது. அந்த வீடுகளின் மேல்மாடியில் வெளிச்சத்துக்காக நீளமான ஜன்னல்கள் வைத்திருப்பார்கள். காரணம், அப்பா அங்கே தறி போட்டு நெய்யலாம். அம்மாவும் பிள்ளைகளும் ஆலைக்குப் போகலாம். ஒரே வீட்டுக்குள் பழைய உலகமும் புதிய உலகமும் மாடியும் கீழுமாக நின்றதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் கட்டடம் எனக்குத் தெரியாது.

ஆட்களைச் சேர்ப்பது ஒரு சிக்கல் என்றால், வந்தவர்களை மணிக்கு மணி வேலை செய்யவைப்பது அதைவிடப் பெரிய சிக்கல். நீர்ச்சக்கரம் சுற்ற ஆரம்பித்தால் எல்லாச் சட்டகமும் சேர்ந்து சுற்றும். ஒருவர் வரவில்லை என்றால் அந்தச் சட்டகம் சும்மா ஓடும். புனிதத் திங்களுக்கு அங்கே இடம் கிடையாது. அதனால் மணி அடித்தார்கள், கதவைப் பூட்டினார்கள், தாமதமாக வந்தால் கூலியை வெட்டினார்கள். மான்செஸ்டருக்கு அருகே டில்டெஸ்லியில் இருந்த ஓர் ஆலையில் 1823இல் வேலைநிறுத்தம் செய்தவர்கள் வெளியிட்ட அபராதப் பட்டியலில், ஜன்னலைத் திறந்ததற்கு ஒரு ஷில்லிங், விசிலடித்ததற்கு ஒரு ஷில்லிங் என்று இருக்கிறது. நூல் அறுந்துவிடக் கூடாது என்பதற்காகச் சூடும் ஈரமுமாக வைத்திருந்த அறையில், ஜன்னலைத் திறப்பதற்கு அபராதம். சில ஆலைகளில் முதலாளிகள் கடிகார முள்ளையே காலையில் முன்னே தள்ளி, மாலையில் பின்னே இழுத்தார்கள் என்றும் தொழிலாளர்கள் சாட்சி சொன்னார்கள்.

குடும்பங்கள் கிடைக்காத இடங்களில் அனாதைக் குழந்தைகள் வந்தார்கள். லண்டன் போன்ற நகரங்களின் ஏழை விடுதிகளில் இருந்த பிள்ளைகளை, பராமரிப்புச் செலவு மிச்சம் என்று, ஊர் நிர்வாகங்கள் தொலைதூர ஆலைகளுக்குப் 'பயிற்சியாளர்'களாக அனுப்பிவைத்தன. சோறும் படுக்கையும் கிடைக்கும், கூலி கிடையாது, வயது வரும்வரை வெளியே போகவும் முடியாது. வீட்டிலும் குழந்தைகள் வேலை செய்தார்கள் என்று முன்பு சொன்னேன். அம்மா பக்கத்தில் உட்கார்ந்து பஞ்சு சீவுவதும், ஓடும் இயந்திரத்துக்கு அடியில் புகுந்து பஞ்சுத்தூசியைப் பொறுக்குவதும் ஒன்றில்லை.

நீராவி வந்தது அதன்பிறகுதான். 1712இலேயே நியூகமனின் இயந்திரம் சுரங்கத்திலிருந்து தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தது, ஆனால் நிலக்கரியை விழுங்கித் தள்ளும். ஜேம்ஸ் வாட் 1769இல் காப்புரிமை வாங்கிய தனிக் குளிர்கலன் (நீராவியைத் தனியே குளிரவைக்கும் கலன்) அந்தச் செலவை வெகுவாகக் குறைத்தது. 1780களில் சக்கரம் சுற்றும்படி அதை மாற்றியதும் ஆலைக்குப் பொருத்தமாகிவிட்டது. 1785இல் நாட்டிங்ஹாம்ஷயரில் பேப்பிள்விக் என்ற இடத்தில் முதல்முறையாக ஒரு பருத்தி ஆலை வாட்டின் இயந்திரத்தில் ஓடியது. இதன் பொருள் என்னவென்றால், ஆலைக்கு இனி ஆற்றங்கரை தேவையில்லை. நிலக்கரியும் ஆட்களும் எங்கே இருக்கிறார்களோ அங்கே ஆலை. 1801இல் சுமார் 75,000 பேர் இருந்த மான்செஸ்டரில் 1851இல் மூன்று லட்சத்துக்கும் மேல்.

அந்த வேகத்துக்கு ஈடாகச் சாக்கடை வரவில்லை, குடிநீர் வரவில்லை. தொழிலாளர்களின் சுகாதார நிலையை ஆராய்ந்த எட்வின் சாட்விக் 1842இல் கொடுத்த அறிக்கையில், மான்செஸ்டர்த் தொழிலாளர் குடும்பங்களில் இறந்தவர்களின் சராசரி வயது 17. கிராமப்புறமான ரட்லண்டில் அதே வர்க்கத்துக்கு 38. இந்த எண்ணைப் பலர் தப்பாகப் புரிந்துகொள்கிறார்கள். பதினேழு வயதில் எல்லோரும் செத்தார்கள் என்று அர்த்தமில்லை. கைக்குழந்தைகளும் சிறு பிள்ளைகளும் அத்தனை பேர் இறந்ததால் சராசரி அப்படிக் கீழே விழுந்தது. என்னைக் கேட்டால், சரியாகப் புரிந்துகொண்டால்தான் அந்த எண் இன்னும் கனக்கிறது.

நெசவாளர்கள் என்ன ஆனார்கள்? இதுதான் எனக்கு மிகவும் வருத்தம் தரும் பகுதி. நூல் ஆலையில் மலிவாகக் குவிந்தபோது, நெய்வதற்கு ஆள் போதவில்லை. 1790களில் கைத்தறிக்காரருக்கு நல்ல காலம், கூலி உயர்ந்தது, ஆட்கள் குவிந்தார்கள். எட்மண்ட் கார்ட்ரைட் என்ற பாதிரியார் 1785லேயே விசைத்தறி செய்துவிட்டார், ஆனால் அது உருப்படியாக ஓடவே பல ஆண்டுகள் பிடித்தன. 1813இல் பிரிட்டனில் சுமார் 2,400 விசைத்தறிகள், 1833இல் ஒரு லட்சம். 1820களில் இரண்டு லட்சத்துக்கும் மேல் இருந்த கைத்தறி நெசவாளர்களின் கூலி அதற்குள் முன்பிருந்ததில் கால்வாசியாகச் சரிந்திருந்தது. ஏன் உடனே வேறு வேலைக்குப் போகவில்லை என்று கேட்கலாம். ஆலைகள் விரும்பியது கூலி குறைந்த பெண்களையும் சிறுவர்களையும். நடுவயது நெசவாளருக்குத் தெரிந்தது தறி மட்டும்தான், அதோடு மணியடித்தால் ஓடும் வாழ்க்கையை அவர் மனம் ஒப்பவில்லை. கூலி குறையக் குறைய இன்னும் அதிக நேரம் நெய்தார். அதனால் துணி இன்னும் குவிந்து விலை இன்னும் இறங்கியது.

லுட்டைட்டுகளை இந்த இடத்தில் வைத்துப் பார்க்கவேண்டும். 1811இல் நாட்டிங்ஹாம்ஷயரில் காலுறை பின்னுபவர்கள் பின்னல் சட்டகங்களை உடைக்கத் தொடங்கினார்கள். இயந்திரத்தைக் கண்டு பயந்த பாமரர்கள் என்று அவர்களைப் பற்றி ஒரு நினைப்பு பரவியிருக்கிறது, அது தவறு. அந்தச் சட்டகங்களில்தான் அவர்கள் தலைமுறை தலைமுறையாக வேலை செய்தார்கள். அவர்கள் எதிர்த்தது அதே சட்டகத்தில் மட்டமான சரக்கைச் செய்து கூலியை வெட்டிய முதலாளிகளைத்தான். பல ஊர்களில் எந்த முதலாளி நியாயமான கூலி தந்தாரோ அவருடைய சட்டகத்தைத் தொடவே இல்லை. தொழிற்சங்கம் அமைப்பது அப்போது சட்டப்படி குற்றம் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். 1812இல் சட்டகம் உடைத்தால் மரண தண்டனை என்று நாடாளுமன்றம் சட்டம் போட்டது. கவிஞர் பைரன் பிரபுக்கள் சபையில் தன் முதல் பேச்சிலேயே அதை எதிர்த்தார், பலனில்லை. 1813 ஜனவரியில் யார்க் நகரில் பதினேழு பேரைத் தூக்கிலிட்டார்கள்.

இன்னொரு இடத்தையும் காட்டாமல் இந்தக் கதை நேர்மையாக இருக்காது. மான்செஸ்டருக்கு வந்த பஞ்சு எங்கே விளைந்தது? 1793இல் ஈலை விட்னியின் விதை நீக்கும் இயந்திரம் வந்தபிறகு அமெரிக்காவின் தென் மாநிலங்களில். அங்கே 1790இல் சுமார் ஏழு லட்சமாக இருந்த அடிமைகளின் எண்ணிக்கை 1860இல் கிட்டத்தட்ட நாற்பது லட்சம். லங்காஷயரில் கூலிக்கு உழைத்தவரின் கையில் இருந்த நூல், கூலியே இல்லாமல் உழைத்தவரின் கையிலிருந்து வந்தது.

மொத்தத்தில் மக்களுக்கு நல்லதா கெட்டதா என்ற விவாதம் நூறு ஆண்டுகளுக்கும் மேலாக நடக்கிறது. ஓரளவு ஒப்புக்கொள்ளப்பட்டது இதுதான்: உற்பத்தி ஏறியது, லாபம் ஏறியது, ஆனால் விலைவாசியைக் கழித்துப் பார்த்தால் சாதாரணத் தொழிலாளியின் கூலி 1830கள் வரை பெரிதாக நகரவில்லை, அதன்பிறகே தெளிவாக உயர ஆரம்பித்தது. அதாவது ஒரு தலைமுறைக்கும் மேல் உழைத்தார்கள், பலன் அடுத்தவர்களுக்குப் போனது. பேரப்பிள்ளைகள் நன்றாக இருந்தார்கள் என்பது தாத்தாவின் கணக்கை நேர் செய்துவிடாது என்றே நான் நினைக்கிறேன்.

அந்தத் தலைமுறை சும்மாவும் இருக்கவில்லை. 1802இல் ஆலைப் பயிற்சிப் பிள்ளைகளுக்காக வந்த முதல் சட்டத்தைச் செயல்படுத்த ஆளில்லை. 1833 சட்டம்தான் ஒன்பது வயதுக்குக் கீழே துணி ஆலைகளில் வேலை கூடாது (பட்டு ஆலைக்கு விலக்கு), பதின்மூன்றுக்குக் கீழே வாரம் 48 மணி நேரம்தான் என்று சொல்லி, நான்கு இன்ஸ்பெக்டர்களை நாடு முழுவதற்கும் நியமித்தது. பிறப்புப் பதிவே 1837இல்தான் தொடங்கியது, அதனால் பிள்ளைக்கு ஒன்பது வயதா இல்லையா என்று மருத்துவர் உடம்பைப் பார்த்துச் சொல்லவேண்டியிருந்தது. அப்புறம் பல ஆண்டுப் போராட்டத்துக்குப் பின், 1847இல் பெண்களுக்கும் இளையவர்களுக்கும் பத்து மணி நேரச் சட்டம். முதலாளிகள் ஆட்களை மாற்றி மாற்றி நிறுத்தி அதை ஏய்த்தார்கள். அந்த ஓட்டையை அடைக்க வந்த 1850 சட்டம் வேலை தொடங்கும் மணியையும் முடியும் மணியையும் எழுத்திலேயே நிர்ணயித்தது: காலை 6 முதல் மாலை 6 வரை, நடுவே ஒன்றரை மணி நேரம் சாப்பாட்டுக்கு. அதே சட்டத்தில் இன்னொரு வரியும் உண்டு. சனிக்கிழமை மட்டும் மதியம் 2 மணிக்கு மேல் பெண்களையும் இளையவர்களையும் ஆலையில் வைத்திருக்கக் கூடாது. அவர்கள் இல்லாமல் ஆலை ஓடாது என்பதால் ஆண்களுக்கும் பெரும்பாலும் அதே நேரத்தில் வேலை முடிந்தது. பாட்டன்கள் தறியில் உட்காராமல் தாங்களே எடுத்துக்கொண்ட திங்கட்கிழமைக்குப் பதிலாக, பேரன் பேத்திகளுக்கு ஒரு சனிக்கிழமை மதியம் கிடைத்தது.